பெரியம்மாவுக்கு ஏது அக்கா

திங்கட்கிழமை காலை, தயாரிப்பாளர் கார் சாவியை விரலில் சுழற்றிக்கொண்டு வாசலில் நின்று, “கிளம்பலாமா?” என்று குரல் கொடுத்தார். உள்ளேயிருந்து அவர் மனைவி, “நான் வரல. இனிமே டப்பிங் பேசுறதா இல்ல” என்றாள்.

சுழன்றுகொண்டிருந்த சாவி நின்றது.

“தொண்டையா?” என்று பதறிப்போய்ச் செருப்பைக்கூடக் கழற்றாமல் உள்ளே ஓடினார். வெந்நீர் வைக்க அடுப்பைப் பற்றவைத்தார். தொண்டை டாக்டரின் நம்பர் அவருடைய போனில் மனைவியின் நம்பருக்கும் மேலே இருந்தது.

“தொண்டைக்கு ஒண்ணுமில்ல.”

“அப்புறம்?”

“பேசப் பிடிக்கல. அவ்ளோதான்.”

அவருக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. சண்டை ஏதும் போட்டதாக நினைவில்லை. சண்டை போட நேரம்தான் எங்கே இருந்தது? மனைவி சன்னலோரம் நாற்காலியில் உட்கார்ந்து வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் கோபம் இருக்கிறதா என்று தேடிப் பார்த்தார். இருந்த மாதிரியும் தெரியவில்லை, இல்லாத மாதிரியும் தெரியவில்லை. சரி, ஒரு நாள் ஓய்வெடுக்கட்டும், நாளைக்குச் சரியாகிவிடும் என்று தாமாகவே ஒரு முடிவுக்கு வந்து கிளம்பிவிட்டார். மனிதர் அப்படித்தான். எந்தப் பிரச்சினையையும் நாளைக்கு என்று ஒதுக்கிவிட்டால் அவரைப் பொறுத்தவரை அது தீர்ந்த கணக்கு.

இந்த இடத்தில் அவரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிட வேண்டும். தயாரிப்பாளர் என்றால் என்ன வேலை செய்கிறவர் என்று பாதிப் பேருக்குத் தெரியாது. எழுதுகிறவர் எழுதுகிறார், நடிக்கிறவர் நடிக்கிறார், இயக்குநர் கத்துகிறார். இவர் இவர்கள் எல்லோரையும் அடுத்த காட்சிக்குத் தள்ளிவிடுகிறார். யார் அழுதாலும், யார் கோபித்துக்கொண்டு வேனில் போய் உட்கார்ந்தாலும், “சரி, அடுத்தது?” என்பார். அதனால் தொழிலில் அவருக்கு ‘அடுத்தது சார்’ என்றே பெயர் விழுந்துவிட்டது. அது தமக்குத் தெரியாது என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருப்பது அவருக்குத் தெரியும்.

சினிமா கம்பெனியில் எடுபிடியாகச் சேர்ந்தவர். சாப்பாட்டு வண்டி, லைட் வண்டி, நடிகர் வண்டி என்று ஒவ்வொன்றாக ஏறி இறங்கி, புரொடக்ஷன் மேனேஜராகி, ஒரு நாள் துணிந்து சொந்தமாகப் படமெடுத்தார். அதில் கதாநாயகிக்குக் கண்கள் அழகு. வாயைத் திறந்தால்தான் வம்பு, மொழி வராது. அவளுக்குக் குரல் கொடுக்க ஒரு பெண் வந்தாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஹெட்போனை மாட்டிக்கொண்டு அவள் முதல் வசனத்தைச் சொன்னபோது, கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இவர் சொக்கிப்போனார். படம் கையைச் சுட்டது. குரல் மட்டும் வீட்டுக்கு வந்தது.

அடுத்து எடுத்த படமும் ஊற்றிக்கொண்டது. பிறகு தொலைக்காட்சிப் பக்கம் வந்து ஒரு தொடர் எடுத்தார். ஒரு பெரிய குடும்பம், அதைக் கட்டிக் காக்கும் ஒரு பெரியம்மா. அந்தப் பெரியம்மா பாத்திரம்தான் அவரைத் தூக்கி நிறுத்தியது. முதல் பெரியம்மா நடிகை கல்யாணமாகி வெளிநாடு போய்விட்டார். இரண்டாவது நடிகைக்கும் இயக்குநருக்கும் ஒத்துவரவில்லை. ஒவ்வொரு தடவையும் திரையின் கீழே ‘இவருக்குப் பதில் இவர்’ என்று ஒரு வரி ஓடவிட்டார். ஜனங்கள் சில நாள் திட்டினார்கள், பிறகு பழகிவிட்டார்கள். அதற்குக் காரணம் தம்முடைய சாமர்த்தியம் என்றுதான் அவர் நினைத்திருந்தார். உண்மையான காரணம் வேறு. முகம் மாறியதே தவிர குரல் மாறவில்லை. மூன்று முகத்துக்கும் பேசியது அவர் மனைவி.

செவ்வாய்க்கிழமையும் அவள் வரவில்லை. புதன்கிழமை வேறு வழியில்லாமல் குரல் தேர்வு வைத்தார்கள். வந்த பெண்கள் எல்லோரும் அந்தத் தொடரைக் கேட்டுக் கேட்டுத் தேறியவர்கள். ஒவ்வொருத்தியும் மைக் முன்னால் நின்று அவர் மனைவியாக மாறினாள். ஒருத்தி, “ஏங்க, கொஞ்சம் இங்க வாங்களேன்” என்று பெரியம்மா பாணியில் ஆரம்பித்ததும், போனில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்த தயாரிப்பாளர், “தோ வரேன், தோ வரேன்” என்று எழுந்து நின்றுவிட்டார். சவுண்ட் இன்ஜினியர் சிரிப்பை அடக்கிக்கொண்டு பட்டன்களைத் துடைக்க ஆரம்பித்தார். அசடு வழிய உட்கார்ந்தவருக்கு அதன்பிறகு யார் பேசினாலும் யார் பேசுகிறார்கள் என்றே பிடிபடவில்லை. அன்று மாலை வீட்டில் மனைவி, “காபி வேணுமா?” என்று கேட்டபோது, இது ரொம்பச் சரியாக இருக்கிறதே, இந்தப் பெண்ணையே வைத்துக்கொள்ளலாம் என்று ஒரு கணம் தோன்றி, தம்மையே தலையில் குட்டிக்கொண்டார்.

ஏன் வரமாட்டேன் என்கிறாள்? மண்டையைப் பிய்த்துக்கொண்டார். மூன்றாவது பெரியம்மா நடிகைக்குப் போன மாதம் சேனலில் விருது கொடுத்தார்கள். நடிகை மேடையில் டிரைவர் வரைக்கும் நன்றி சொல்லிவிட்டு, குரல் கொடுத்தவளை மட்டும் விட்டுவிட்டார். ஆ, அதுதான்! சாப்பிடும்போது மெல்லப் பேச்சை எடுத்தார்.

“டைட்டில்ல உன் பேரைத் தனியா, பெருசாப் போட்டுடலாம். பின்னணிக் குரல்னு. என்ன சொல்றே?”

“போடுங்க.”

“சந்தோஷம்தானே?”

“போடாம இருந்தாலும் ஒண்ணுமில்ல.”

அவள் பிடி கொடுக்கவே இல்லை. தயாரிப்பாளருக்குக் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டது போல இருந்தது. நடிகர்கள் முரண்டு பிடித்தால் காரணம் அவருக்குத் தெரியும், சம்பளமோ, அறையோ, பக்கத்து நடிகைக்குப் போட்ட குளோசப்போ, ஏதோ ஒன்று இருக்கும். எதுவும் கேட்காமல் மறுக்கிற ஆளை அவர் தொழிலில் பார்த்ததே இல்லை.

வெள்ளிக்கிழமை சேனல் மேடம் போன் செய்தார். தொடர் கொஞ்சம் தொங்குகிறதாம். பார்க்கிறவர்கள் வாயில் வைத்த சோற்றை மெல்ல மறக்கிற மாதிரி ஒரு ப்ரோமோ வேண்டுமாம், அதுவும் பெரியம்மாவை வைத்து.

தயாரிப்பாளருக்கு உடனே ஒரு வசனம் நினைவுக்கு வந்தது. போன சனிக்கிழமை காலை மனைவி வீட்டில் சொல்லிப் பார்த்த வசனம்.

அவளுக்கு அப்படி ஒரு பழக்கம். மறுநாள் பேச வேண்டியதை வீட்டு வேலை செய்துகொண்டே சொல்லிப் பார்ப்பாள். இவர் பேப்பர் படித்தபடி, சவரம் செய்தபடி, திருத்தம் சொல்வார். ஒரு தடவை வீட்டுக்கு வந்த விருந்தாளி, சமையலறைக்குள்ளிருந்து “என் பொணத்தைத் தாண்டித்தான் நீ உள்ள வரணும்” என்று கேட்டதும் எழுந்து செருப்பைத் தேடியிருக்கிறார். அந்தச் சனிக்கிழமை இவர் கண்ணாடி முன்னால் முகத்தில் சோப்பு நுரையோடு நின்றிருந்தார். அவள் கதவருகில் வந்து நின்று சொன்னாள்: “இந்த மாசம் முடியட்டும். எங்க அக்கா வீட்டுக்குப் போயிடறேன். இனி என்னால இங்க இருக்க முடியாது.”

இவர் தாடையை இழுத்துப் பிடித்து மழித்துக்கொண்டே, “‘இனி’க்கு முன்னாடி கொஞ்சம் நிறுத்து. அழுத்தம் வரும்” என்றார்.

பிளேடு தாடையில் இரண்டு தடவை ஏறி இறங்கியது. பிறகு அவள் மறுபடியும் சொன்னாள். “இந்த மாசம் முடியட்டும். எங்க அக்கா வீட்டுக்குப் போயிடறேன்.” நிறுத்தினாள். “இனி என்னால இங்க இருக்க முடியாது.”

“ஆ! இது ஓகே. அடுத்தது?” என்றார் இவர். அடுத்தது ஒன்றும் வரவில்லை. மறுபக்கத் தாடைக்குப் போய்விட்டார்.

அந்த வசனத்தை நினைக்கும்போது இப்போதும் அவருக்கு மயிர் சிலிர்த்தது. இதுதான் ப்ரோமோ. உடனே வசனகர்த்தாவைக் கூப்பிட்டனுப்பினார். அவரைக் கம்பெனியில் ‘கண்ணீர்’ என்றுதான் கூப்பிடுவார்கள். காமெடிக் காட்சி எழுதச் சொன்னாலும் கடைசியில் யாராவது தேம்பிக்கொண்டிருப்பார்கள்.

“என்னய்யா, அந்த ‘அக்கா வீட்டுக்குப் போயிடறேன்’ டயலாக் அருமை. சும்மா சொல்லக் கூடாது. எப்படிய்யா எழுதினே?”

பாராட்டு வந்தால் அது யாருக்கு வந்தது என்று விசாரிக்கிற வழக்கம் எழுத்தாளர்களுக்குக் கிடையாது. கண்ணீர் தலையைக் குனிந்துகொண்டார். “அது எங்க சார் நான் எழுதினேன், தானா வந்துச்சு. எழுதும்போதே கண்ணு கலங்கிடுச்சு சார்.”

“எந்த எபிசோட்ல வருது? எடுத்தாச்சா?”

கண்ணீர் கொஞ்சம் நெளிந்தார். “எந்த டயலாக்னு சார் சொன்னீங்க?”

தயாரிப்பாளர் சொன்னார், நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்தியே சொன்னார். கண்ணீருடைய முகத்தில் ஈயாடவில்லை.

“சார், நல்ல டயலாக்தான். ஆனா நம்மளுது இல்ல.”

“நம்மளுது இல்லாம? உங்க அண்ணி வீட்ல பேசிப் பாத்தாங்கய்யா!”

“இருக்கலாம் சார். ஆனா பெரியம்மாவுக்கு ஏது சார் அக்கா? வீட்டுக்கே மூத்தவங்க. அதனாலதானே எல்லாரும் பெரியம்மான்னு கூப்பிடுறாங்க? அவங்களுக்கு மேல ஒரு அக்காவைக் கொண்டு வந்தா அவங்கதான் பெரியம்மா, இவங்க சின்னம்மா ஆயிடுவாங்க. தொடர் பேரையே மாத்தணும்.” கொஞ்சம் யோசித்துவிட்டு, “வேணும்னா கனவுல வர்ற அக்கான்னு வெச்சுக்கலாமா சார்?” என்றார்.

தயாரிப்பாளருக்கு அது காதில் விழவில்லை. வசனம் நம்முடையது இல்லை, ஆனால் மனைவி பேசிப் பார்த்தாள். அப்படியானால் வேறு யாருடையதோ. எந்தக் கம்பெனியோ அவளை மடக்கிவிட்டது. அதனால்தான் இங்கே வரமாட்டேன் என்கிறாள், காரணம் சொல்லாமல் மழுப்புகிறாள்! ஒரு வாரமாகக் கலங்கிக் கிடந்தது பளிச்சென்று தெளிந்துவிட்டது. தெளிந்ததும் வயிறு எரிந்தது. வீட்டுக்குள்ளேயே இருந்துகொண்டு போட்டிக் கம்பெனிக்குப் போகிறாளே!

வீட்டுக்கு வந்தபோது நடுப்பகல். அந்த வேளையில் அவர் தம் வீட்டைப் பார்த்து ரொம்ப நாளாகியிருந்தது. கூடத்தில் வெயில் இவ்வளவு தூரம் உள்ளே வரும் என்பதே அவருக்குப் புதிதாக இருந்தது. மனைவி நாற்காலியில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

“எந்தக் கம்பெனி?” என்றார் எடுத்த எடுப்பில்.

“என்ன எந்தக் கம்பெனி?”

“மறைக்காத. நீ வேற யாருக்கோ பேசுற. பேசு, தப்பில்ல. என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமா இல்லையா?”

“நான் யாருக்கும் பேசலைங்க.”

“அப்ப அந்த வசனம்? ‘இந்த மாசம் முடியட்டும், எங்க அக்கா வீட்டுக்குப் போயிடறேன்.’ நம்ம சீரியல்ல அது இல்லவே இல்ல. கேட்டுட்டேன். சொல்லு, யார் எழுதினது?”

அவள் கையிலிருந்த துண்டை மடியில் வைத்தாள். அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

“நான்தான்” என்றாள்.

“நீ எழுதவும் ஆரம்பிச்சிட்டியா?” கோபத்தை மீறி அவருக்குள் இருந்த தயாரிப்பாளர் எட்டிப் பார்த்துவிட்டார். “நல்லாத்தான் இருக்கு. இல்லேன்னு சொல்லல. ஆனா லாஜிக் இடிக்குதே. பெரியம்மாவுக்கு ஏது அக்கா?”

“பெரியம்மாவுக்கு இல்ல. எனக்கு இருக்காளே.”

அவள் காலடியில் ஒரு பெட்டி திறந்து கிடந்ததை அப்போதுதான் பார்த்தார். பாதி நிரம்பியிருந்தது. புடவைகள், மூக்குக் கண்ணாடிக் கூடு, அவள் கல்யாணத்துக்கு முன்னால் எடுத்துக்கொண்ட ஒரு போட்டோ.

“அன்னிக்கு நீ... நான் ஒத்திகைன்னு...”

“தெரியும்.”

“தெரிஞ்சா அப்பவே சொல்ல வேண்டியதுதானே! ‘இது வசனம் இல்ல’ன்னு ஒரு வார்த்தை!” என்று கத்தினார். என்ன செய்வதென்று தெரியாதபோது கத்துவது அவருக்குச் சுலபமாக வந்தது.

“சொல்லத்தான் வாயெடுத்தேன்” என்றாள் அவள். அவள் குரல் உயரவில்லை. “நீங்க நிறுத்திச் சொல்லச் சொன்னீங்க. நானும் நிறுத்திச் சொன்னேன். பாத்தீங்களா? வீட்டை விட்டுப் போறேன்னு சொல்றேன், அதுக்கு ரெண்டாவது டேக் கொடுக்கறேன். உங்க மேல வந்த கோவத்தைவிட என் மேல வந்ததுதான் ஜாஸ்தி. அதுக்கப்புறம் எந்த மூஞ்சியோட மைக் முன்னாடி போய் நிக்கிறது? இப்பல்லாம் காபி வேணுமான்னு கேட்டாக்கூட யாரோ எழுதிக் கொடுத்துக் கேக்கிற மாதிரி இருக்கு எனக்கு.”

அவர் எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார். எதையாவது சொல்லி இதை நிறுத்தியாக வேண்டும்.

“என்னை மன்னிச்சிடு.”

“இது சின்ன மாமனார் சொன்னது” என்றாள் அவள், துண்டை மடித்தபடி.

“நீ இல்லாத வீட்ல நான் எப்படி...”

“இது ரெண்டாவது மாப்பிள்ளை. ஆஸ்பத்திரி சீன்.”

“எனக்கு என்ன சொல்றதுன்னே தெரியல.”

“இதை எல்லாருமே சொல்லியிருக்காங்க.”

அவள் கிண்டலாகச் சொல்லவில்லை. அரிசியில் கல் பொறுக்குவது போல ஒவ்வொன்றாக எடுத்து ஓரமாக வைத்தாள். அவளுக்குத் தெரியாமல் எப்படி இருக்கும்? அத்தனை மாமனார்களுக்கும் மாப்பிள்ளைகளுக்கும் பதில் பேசியவள் அவள்தானே. தயாரிப்பாளர் வார்த்தைகளை மென்று விழுங்கினார். கடைசியில் ஒரே ஒரு வார்த்தை மிஞ்சியது.

“ஏன்?”

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

“படி ஏற முடியலைங்க.”

“என்ன படி?”

“மாடிப் படி. இங்கயும் மாடி, ஸ்டுடியோவும் மாடி. முட்டி வலி. உக்காந்தா எந்திரிக்க முடியல, எந்திரிச்சா உக்கார முடியல. ஸ்டுடியோ படியில கைப்பிடியைப் பிடிச்சிட்டு ஒவ்வொண்ணா ஏறுவேன். நீங்க மேல நின்னுக்கிட்டு, ‘சீக்கிரம் வா, எல்லாரும் காத்திட்டிருக்காங்க’ம்பீங்க. தொண்டை லேசா கரகரன்னு இருந்தா டாக்டரையே வீட்டுக்குக் கூட்டிட்டு வந்துடறீங்க. மிளகு என்ன, தேன் என்ன, ஃபேனைக்கூட நிறுத்திடுவீங்க. கழுத்துக்குக் கீழ நான் ஒருத்தி இருக்கறது உங்களுக்குத் தெரியவே இல்லையே.”

“வலிக்குதுன்னு சொல்லியிருக்கலாமே...”

“சொன்னேனே. ‘வலிக்குது’ல இன்னும் கொஞ்சம் வலி வேணும்னீங்க.”

அவருக்கு நினைவில்லை. ஆனால் அப்படிச் சொல்லியிருக்கக் கூடியவர்தாம் என்பது அவருக்கே தெரிந்தது. முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியாமல் பெட்டியைப் பார்த்தார். பெட்டியைப் பார்க்கவும் முடியவில்லை.

“அக்கா வீடு தரையோட இருக்கு” என்றாள் அவள். “ஞாயித்துக்கிழமையோட மாசம் முடியுது, அன்னிக்கு வண்டி அனுப்புறேன்னிருக்கா.”

“கீழ் வீடாப் பாத்துடலாம். நாளைக்கே ஆள் அனுப்பறேன். படியே இல்லாத வீடு. ஸ்டுடியோவையும் கீழ மாத்திடச் சொல்றேன்.” பேசப் பேச அவருக்குத் தெம்பு வந்தது. இது அவருக்குத் தெரிந்த வேலை. “உனக்கு எந்த ஏரியா வேணும்னு மட்டும் சொல்லு.”

“லொகேஷனை மாத்தினா சரியாப் போயிடுமா?” அவள் லேசாகச் சிரித்தாள். அந்தச் சிரிப்பில் கொஞ்சம் பிரியம்கூட இருந்தது. அதுதான் அவரை இன்னும் குழப்பியது. “நான் போறேங்க. யோசிச்சுத்தான் சொல்றேன். நீங்க நல்லா சாப்பிடுங்க.”

இதற்கு என்ன பதில் சொல்வது? எந்தக் காட்சியிலும் இப்படி ஒன்று வந்ததில்லை. கோபமில்லை, அழுகையில்லை, கதவை அறைந்து சாத்துவதில்லை. அப்படியானால் போகிறாளா, உண்மையிலேயே போகிறாளா? இத்தனை வருஷமாக வீட்டில் கேட்ட குரலில் எது அவள், எது பெரியம்மா, எது பழைய படத்தின் கதாநாயகி? அவள் வலிக்கிறது என்று சொன்னது எத்தனை தடவை, அதில் எத்தனை தடவை வலித்தது? எல்லாம் ஒன்றாய்ப் போய் அவர் தலைக்குள் இரைந்தது. இதையெல்லாம் கேட்டுவிட நினைத்தார். வாயைத் திறந்தால் வேறு என்னவோ வந்து விழுந்தது.

“எந்த முட்டி?”

மடித்துக்கொண்டிருந்த கை நின்றது. துண்டைப் பெட்டியில் வைத்தாள். நாற்காலிப் பிடியில் இரண்டு கைகளையும் ஊன்றி எழுந்தாள். கூடத்தைக் கடந்து சமையலறையை நோக்கி நடந்தாள்.

அவர் அவள் பாதங்களை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. குரலைவிட உதடு ஒரு துளி முந்தினாலும் பிந்தினாலும் எடிட்டிங் அறையில் முதலில் கண்டுபிடிக்கிறவர் அவர். வலது கால் போனது. இடது கால் போனது. வலதா? வலதுதான் என்று நினைத்த நேரத்தில் இடது போலத் தெரிந்தது. அவர் முன்னால் குனிந்து, கண்ணை இடுக்கிப் பார்த்தார். வெயிலைத் தாண்டி, நிழலைத் தாண்டி, சுவரைப் பிடித்துக்கொண்டு அவள் உள்ளே போய்விட்டாள். அவரால் கண்டுபிடிக்க முடியவில்லை.

உள்ளேயிருந்து அவள் குரல் மட்டும் வந்தது.

“ரெண்டும்.”